சொல்லுக்கு மூன்று ராண்ட்

பீட்டர்மரிட்ஸ்பர்க் நீதிமன்றப் பட்டியலில்
தமிழுக்கு நேரே என் பெயர் மட்டும்தான்.
வேலை வருவது வருடத்தில் இரண்டு முறை.
இம்முறை வந்தது ஒரு சம்பளச் சீட்டு:
முன்பக்கம் டொங்காட் சர்க்கரை ஆலையின் முத்திரை,
பின்பக்கம் நீல மையில் ஒரே வரி.

வீடு சின்னவளுக்கு இல்லை பெரியவளுக்கு

கீழே, கனகசபை மூட்லி.
சாட்சி இல்லை, தேதி இல்லை.
எழுதியவர் மனம் இதுதான் என்று
நீதிபதிக்குப் பட்டால்
உயிலாக ஏற்கலாமாம்.
அந்த மனத்தைத் தோண்டி எடுப்பது என் வேலை என்று
இரு தரப்பு வக்கீல்களும் நினைக்கிறார்கள்.
கட்டணப் படிவத்தில் நிரப்பினேன்:
சொற்கள் நான்கு, சொல்லுக்கு மூன்று ராண்ட்.

சின்னவளுக்கு என்றதும் மூச்சு விட்டால்
வீடு சின்னவளுடையது, பெரியவளுக்குக் கிடையாது.
இல்லை என்றபின் மூச்சு விட்டால்
எல்லாம் தலைகீழ்.
ஒற்றை 'இல்லை'
பொதுச்சுவர் மாதிரி நிற்கிறது நடுவில்,
தான் எந்த வீட்டுச் சுவர் என்று சொல்லாமல்.

லென்ஸ் வைத்துப் பார்த்தேன்.
ஒரு புள்ளி! நாற்காலியிலிருந்து எழுந்தேவிட்டேன்.
மை இல்லை அது,
எண்ணெய்.

அவருடைய காய்கறிக் கணக்கு நோட்டுகளைக் கேட்டு வாங்கினேன்.
ஒன்பது நோட்டு, சணலால் கட்டியவை.
மனிதர் வாழ்நாளில் ஒரு காற்புள்ளி வைத்ததில்லை.
ஓர் இடத்தில்
'வெண்டை இருக்கு இல்லை பாகல்'.
சரி, இல்லையை முன்னால் போடுகிற ஆள்,
சின்னவளுக்கு ஒன்று என்று பென்சிலால் குறித்தேன்.
பதினான்கு பக்கம் தள்ளி
'லாரி செவ்வாய்க்கு இல்லை புதனுக்கு'.
டர்பன் சந்தை இரண்டு நாளும் உண்டு.
லாரி என்றைக்குப் போனதென்று
அந்த லாரிக்கே நினைவிருக்காது.
பென்சில் குறியை அழித்தேன்.

வழக்கு நாளன்று தாழ்வாரத்தில்
சாலாட்சிக்கு அறுபத்தொன்று, மோகாம்பாளுக்கு ஐம்பத்தெட்டு.
பேச்சு வார்த்தை கிடையாது.
ஆனால் சின்னவள் கண்ணில் புரை,
அதனால் ஒரே காரில் வந்திருந்தார்கள்.
அப்பா பேசும்போது எங்கே நிறுத்துவார் என்று கேட்டேன்.
'எங்களிடம் இங்கிலீஷ்தான்' என்றாள் பெரியவள்.
'தமிழில் திட்டுவார்' என்றாள் சின்னவள்,
'திட்டும்போது நிறுத்தவே மாட்டார்.'
அரை விநாடி, இருவர் உதடும் ஒரே மாதிரி கோணியது.
பிறகு ஆளுக்கொரு பக்கம் திரும்பிக்கொண்டார்கள்.

மோகாம்பாள் பையைத் துழாவி
பிளாஸ்டிக் உறைக்குள் ஒரு நகலை எடுத்தாள்.
பதினோரு வருடமாக வைத்திருக்கிறாளாம்,
எழுத்துக் கூட்டத் தெரியாதாம்.
ஒரு சொல்லின் மேல் மஞ்சள் கோடு.
'இதுதானே நான்?'

கடைசிச் சொல்.
கடைசியில் எழுதியதுதான் செல்லும் என்று
கோயில் பந்தியில் யாரோ சொன்னார்களாம்.
வெள்ளிக்கிழமைதோறும் விளக்கடியில் வைத்து
தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டிருக்கிறாள்
தன் அக்காவை.

அக்கா எட்டிப் பார்த்தாள்.
அவளுக்கும் எழுத்து தெரியாது.
நான் சொல்லியிருக்கலாம்.
கைதூக்கிச் செய்த பிரமாணத்தில்
தாழ்வாரம் சேர்த்தியா என்று இன்றும் தெரியவில்லை.
மூக்குக்கண்ணாடியைத் துடைத்தேன், அவ்வளவுதான்.

உள்ளே, அ என்றும் ஆ என்றும்
இரண்டு மொழிபெயர்ப்பு கொடுத்தேன்.
நீதிபதி இரண்டையும் பக்கத்தில் வைத்துவிட்டு
மூலத்தை உரக்கப் படிக்கச் சொன்னார்.
நான்கு சொல்லையும்
ஒரே மூச்சில் படித்து உட்கார்ந்தேன்.

ஒலிப்பதிவுப் பெண் கைதூக்கினாள்:
'சரியாக விழவில்லை.
இன்னொரு முறை,
மெதுவாக.'